தொரை மரத்து வாசல்

1

நான் வாசல் கூட்டி இன்றோடு ஒரு வருஷம் ஆகிறது.

மாத்தளையில் இருந்து இதைப் படிக்கிற பெண்களுக்கு இப்போதே முகம் சுளிக்கும். "இங்கிலாந்துக்குப் போனவளுக்குக் கை கால் விழுந்துபோச்சா?" என்று கேட்பீர்கள். கேளுங்கள், தாராளமாகக் கேளுங்கள். உக்குவளையில் இருக்கும் என் சித்தி மகள் போன வாரம் அதைத்தான் கேட்டாள். வீடியோவில் பேசிக்கொண்டிருக்கும்போது நான் கை தவறி ஃபோனை வாசல் பக்கம் திருப்பிவிட்டேன். பிளேன்டீயும் கையுமாகச் சாய்ந்து கிடந்தவள் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டாள்.

"என்ன பரமேசு, குப்ப மேட்டுலயா வீடு வாங்குனீங்க?"

"குப்ப இல்லடி, எல."

"எலன்னா கூட்டுறது. வெளக்கமாறு இல்லாட்டிச் சொல்லு, பார்சல்ல போட்டு விடுறேன்."

வெளக்கமாறு இருக்கிறது. மாத்தளைச் சந்தையில் வாங்கி, சூட்கேஸில் குறுக்காக வைத்துக் கொண்டுவந்த ஈர்க்கு வெளக்கமாறு. விமான நிலையத்தில் ஒரு அதிகாரி அதைத் தலைகீழாகப் பிடித்து, இது ஏதும் ஆயுதமா என்கிற மாதிரிப் பார்த்தார். இப்போது யோசித்தால் அவர் பார்த்ததில் தப்பே இல்லை. அது கொட்டகையில் ஆணியில் தொங்குகிறது. ஒரு வருஷமாக, எடுத்தால் கேஸ். ஏன் என்று சொல்லத்தான் இன்றைக்கு வேலையைப் போட்டுவிட்டு எழுத உட்கார்ந்தேன்.

2

நாங்கள் இருக்கும் ஊர் இங்கிலாந்தின் நடுவில் எங்கேயோ கிடக்கிறது. எங்கள் தெரு முழுவதும் ஒரு காலத்தில் யாரோ பெரிய மனிதரின் மாளிகைத் தோட்டமாக இருந்ததாம். மாளிகையை இடித்து, நிலத்தைத் துண்டு போட்டு வீடு கட்டி விற்றார்கள். அவர் நட்ட ஒரு மரத்தை மட்டும் யாரும் தொடவில்லை. அது வந்து சேர்ந்தது எங்கள் துண்டில், எங்கள் வாசலில்.

சீக்கோயா என்று பெயர். அண்ணாந்து பார்த்தால் கழுத்துதான் வலிக்கும், உச்சி தெரியாது. பட்டை தேங்காய் மட்டை மாதிரி நார் நாராக, தொட்டால் மெத்தென்று இருக்கும். இலையைச் சொல்ல வேண்டும். எங்கள் ஊர் பைனஸ் மரத்து இலை போல நீட்டு ஊசி இல்லை. கயிறு திரித்த மாதிரி ஒரு மெல்லிய குச்சி, அதைச் சுற்றிச் சுற்றிக் குட்டிக் குட்டி முள்ளுச் செதில்கள். பச்சையில் ஒன்றைக் கிள்ளிக் கசக்கினால் பெருஞ்சீரக வாசம் வரும். சத்தியமாகச் சொல்கிறேன். வந்த முதல் நாளே நான் மோந்து பார்த்து, "ஏங்க, இது கறிக்குப் போடுற சாமான் மாதிரில்ல இருக்கு!" என்றேன். என் வீட்டுக்காரர், உக்குவளைக்காரர், எதையும் சிரிக்காமல் சொல்கிறவர், "போட்டுறாத. கவுன்சில்ல கேஸ் எழுதிருவாங்க" என்றார். அந்த வாய்க்குச் சர்க்கரை போட வேண்டாம், சாம்பல் போடலாம்.

இந்த மரம் இலையை ஒவ்வொன்றாக உதிர்க்காது. குச்சியோடு சேர்த்து, செங்கல் நிறத்தில் காய்ந்ததைக் கொத்துக் கொத்தாகப் போடும். வருஷம் பூராவும் போடும். இலையுதிர் காலத்தில் கொட்டும். கூரைத் தண்ணீர் இறங்குகிற பீலியை அடைக்கும். காயப்போட்ட சீலையில் குத்திக்கொண்டு நிற்கும். ஒரு நாள் ரசத்தில் கிடந்தது, அவர் கறிவேப்பிலை என்று நினைத்து மென்றுவிட்டார். முன் அறையில் மத்தியானமும் லைட் எரிய வேண்டும். வெயில் என்றால் எங்களுக்கு எதிர் வீட்டுக் கூரையில் தெரிகிற சாமான்தான்.

நான் அதற்குத் தொரை என்று பெயர் வைத்தேன். தேயிலைத் தோட்டத்தில் தொரைக்குப் பயந்து வளர்ந்தவள், கடல் தாண்டி வந்தும் ஒரு தொரையின் காலடியில்தான் குடும்பம் நடத்துகிறேன். நிலம் எங்கள் பெயரில். வரி எங்கள் தலையில். ஆனால் ஒரு கிளையை வெட்ட வேண்டும் என்றால் அனுமதி கேட்டு நிற்க வேண்டும், அது சட்டம் காக்கிற மரம். எல்கடுவைக்கு மேலே நாங்கள் இருந்த தோட்டத்தில் தேயிலைச் செடியும் எங்களுக்கு அப்படித்தான் இருந்தது.

3

எங்கள் அப்பா பிறந்ததிலிருந்து சாகும்வரை ஒரே தோட்டத்தில் இருந்தார். கவ்வாத்து வெட்டி வெட்டி அவர் கை காய்த்தது. ஒரு முழம் மண் அவர் பெயரில் இருந்ததில்லை. அதனால்தான் நானும் இவரும் இங்கே உழைத்ததில் முதலில் வாங்கியது உக்குவளையில் ஒரு சின்னக் காணி. ரயில் சத்தம் கேட்கும், பக்கத்தில் ஒரு பலா மரம் இருக்கும், வெயில் தாராளமாக விழும். இவருக்கு முழங்கால் தேய்ந்து வேலையை விட்டதும் இந்த வீட்டை விற்பது, அங்கே ஒரு வீடு கட்டுவது, போய்விடுவது. திட்டம் அவ்வளவுதான்.

யார் வாங்குவது? வீடு பார்க்க வருவார்கள். சமையலறையைப் பார்த்து நல்லா இருக்கிறது என்பார்கள். வெளியே வந்து மேலே பார்ப்பார்கள். அவ்வளவுதான், காரில் ஏறிப் போனவர்கள் போனவர்கள்தான். வேர் அஸ்திவாரத்துக்குள் வருமாம், புயலில் விழுமாம், அவர்களுடைய வங்கி கடன் தராதாம்.

வெட்ட அனுமதி கேட்டு எழுதினோம். மறுத்தார்கள். மறுபடி எழுதினோம், மறுபடி மறுத்தார்கள். மூன்றாம் தடவையும் அதே பதில், மரத்தின் நலன் கருதி என்று மிகவும் மரியாதையாக.

"மரத்து நலன் கருதி! மனுசன் நலன் கருத ஒருத்தனும் இல்லையா இந்த ஊர்ல?" என்று கத்தினேன். வாசலுக்குப் போய் அந்த மரத்தை முஷ்டியால் ஓங்கி ஒரு குத்துக் குத்தினேன். கை மெத்தைக்குள் போகிற மாதிரிப் போய் வந்தது. கை வலித்தாலாவது ஒரு திருப்தி இருந்திருக்கும். அந்தப் பாக்கியமும் இல்லை.

மாடி ஜன்னலில் இருந்து என் மகள் ஷாலினி பார்த்துக்கொண்டிருந்தாள். சிரித்தாள். பிறகு ஓடிவந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அம்மா, அடிக்காதீங்க. அந்தப் பட்டையில குட்டிப் பறவை குழி செஞ்சு தூங்கும்."

அவளுடைய தமிழ் அவ்வளவுதான், ஒவ்வொரு சொல்லாகத் தேடி எடுத்து வைப்பாள். சின்ன வயதில் பள்ளிக்கூடத்தில் உன் வீட்டை வரை என்றால் வீட்டை ஒரு பெட்டியாகப் போட்டுவிட்டு, தாள் முழுக்க மரத்தை வரைந்துவிட்டு வருவாள். எனக்கு ஜெயில் கூரையாக இருப்பது அவளுக்குப் பிறந்த வீடு. காடுகளைப் பற்றித்தான் பல்கலைக்கழகத்தில் படித்தாள். மாத்தளையை அவள் இரண்டு தடவை பார்த்திருக்கிறாள். இரண்டு தடவையும் அட்டை கடித்ததுதான் ஞாபகம் என்பாள்.

4

இங்கே வந்தும் ஒரு இலை விடாமல் தினமும் நான் ஏன் கூட்டினேன் என்றால், பயம்.

எங்கள் லயத்துக்கு, ஒரே கூரையில் வரிசையாக ஒட்டிய ஒற்றை அறைக் காம்பராக்களுக்கு, மேலே மலை முழுவதும் பைனஸ் காடு. அந்த இலை விழுந்த இடத்தில் புல் முளைக்காது, ஊற்று வற்றிப்போகும் என்று பெரியவர்கள் திட்டுவார்கள். சின்னப்பிள்ளைகள் நாங்கள் கமுகம் பாளையில் உட்கார்ந்து அந்த இலை மேல் சறுக்கி விளையாடுவோம். ஆனால் வெயில் காலம் வந்தால் யாருக்கும் விளையாட்டு இல்லை. காய்ந்த பைனஸ் இலைக்கு ஒரு பீடித் துண்டு போதும். அதனால் காலையில் வேலைக்குப் பெயர் கொடுக்கும் பெரட்டுக்குப் போவதற்கு முன்னால் ஒவ்வொரு வீட்டுப் பெண்ணும் லயத்தைச் சுற்றி வெறும் மண் தெரியத் தெரியக் கூட்டுவாள். ஒரு குச்சி இருக்கக்கூடாது. இருந்தால் பக்கத்துக் காம்பராக்காரி வந்து சண்டை போடுவாள், அவளுக்கும் அதே பயம்.

எனக்குப் பத்து வயது இருக்கும்போது ஒரு தரம் தீ இறங்கி வந்தது. எல்லோரும் பச்சைக் கிளையை ஒடித்து அடித்தார்கள். லயம் தப்பியது. கடைசிக் காம்பராவுக்குப் பின்னால் மாட்டுக் கொட்டில் மட்டும் கூட்டாமல் கிடந்தது. உள்ளே பசு கட்டிக் கிடந்தது. ஆளுக்கொரு பக்கம் ஓடியதில் கயிற்றை அவிழ்த்துவிட யாருக்கும் தோன்றவில்லை. அது கத்திய சத்தம் இருக்கிறதே, வேண்டாம், அதை எழுத மாட்டேன்.

அம்மா அதற்குப் பிறகு கூட்டுவதில் பைத்தியமாகிவிட்டாள். காய்ச்சல் என்றாலும் கூட்டுவாள். ஒரே ஒரு சமயம்தான் கூட்ட மாட்டாள்: யாராவது பயணம் போனால். ஆள் வெளியேறியதும் வாசல் கூட்டுவது பிணம் எடுத்த வீட்டில் செய்கிற வேலை. போனவர்கள் போய்ச் சேர்ந்தார்கள் என்று தெரிந்த பிறகுதான் வெளக்கமாற்றைத் தொடவேண்டும். நான் கல்யாணமாகி இங்கே கிளம்பின அன்று அம்மா கூட்டவில்லை. மறுநாளும் இல்லை. இங்கே இறங்கி, ஃபோன் கார்டு வாங்கத் தெரியாமல் நான் முழித்து, ஒருவழியாகத் தோட்டத்துக் கடைக்குப் பேசுகிறவரை எங்கள் வாசலில் இலை குவிந்துகொண்டே இருந்ததாம். "என்ன கிளியக்கா, ஒங்க வாசல்லயே கொழுந்து பறிக்கலாம் போல" என்று லயமே கேலி செய்ததாம். கடைக்காரர் ஃபோனை அம்மாவிடம் கொடுத்தார். "வந்து சேந்துட்டேம்மா" என்று கத்தினேன். அம்மா ஒரு வார்த்தை பேசாமல் ஃபோனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, நேரே போய் வெளக்கமாற்றை எடுத்தாளாம்.

நான் அவள் மகள். இந்த மரத்தடிக்கு வந்த நாளிலிருந்து விடியற்காலையில் எழுந்து வெறும் மண் தெரியக் கூட்டினேன். கூட்டி முடித்து வாசல் தெளிப்பேன். சாணிக்கு இங்கே எங்கே போவது? ஒரு வாளித் தண்ணீரில் மஞ்சள்தூள் கரைத்துத் தெளிப்பேன். எங்கள் ஊர் மஞ்சள், நல்ல நிறம். எதிர் வீட்டுக்காரி திரைச்சீலைக்குப் பின்னால் நின்று பார்ப்பதை நானும் பார்த்திருக்கிறேன். கை கூடக் காட்டியிருக்கிறேன்.

5

போன வருஷம் கோடையில் தொரைக்கு உடம்பு சரியில்லாமல் போனது. உச்சியில் பழுப்பு தட்டியது. பச்சையாக இருக்க வேண்டிய இலையெல்லாம் கிளையிலேயே காய்ந்து நின்றது. அந்த வாரம் கதவு தட்டி ஒரு ஆள் வந்தார். கவுன்சிலின் மர அதிகாரி, பெயர் மார்ட்டின், நீண்ட காலுள்ள மனிதர். யாரோ முறைப்பாடு கொடுத்திருக்கிறார்கள்: மூன்று தடவை வெட்ட அனுமதி கேட்டு மறுக்கப்பட்ட வீட்டுப் பெண், தினமும் விடியற்காலையில், யாரும் எழும்புவதற்கு முன்னால், மரத்தடியில் மஞ்சள் நிறத் திரவம் ஒன்றை ஊற்றுகிறாள்.

யோசித்துப் பாருங்கள். நானே அந்த அதிகாரியாக இருந்தாலும் நம்பியிருப்பேன்.

அவர் மண்டியிட்டுச் சாவியால் மண்ணைத் தட்டினார். சிமெந்துத் தரை மாதிரிச் சத்தம் வந்தது. மேலே தெரிந்த வேர்களைத் தடவிப் பார்த்தார். "இந்தத் தரையை ஏன் இப்படி மொட்டையாக்கினீர்கள்? என்ன ஊற்றினீர்கள்?" என்று கேட்டார்.

எனக்குக் கோபமும் பயமும் சேர்ந்து வந்தால் இங்கிலீஷ் ஓடிப்போய்விடும். சிங்களம் வந்து நிற்கும். "நே மஹத்தயா!" என்றேன் அவரிடம், "இல்லை ஐயா" என்பதற்கு. பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டு, தீ, தீ வரும், எங்கள் ஊரில் தீ வரும், அதற்காகக் கூட்டினேன் என்றேன். மஞ்சள் டப்பாவைக் கொண்டுவந்து மூடியைத் திறந்து காட்டினேன். அவர் மோந்து பார்த்துத் தும்மினார். சிரிக்கவில்லை. மண்ணை ஒரு பையில் அள்ளி ஒட்டினார். வேண்டுமென்று செய்ததாகத் தெரிந்தால் நீதிமன்றம் என்றார்.

நான் ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை செய்கிறேன். பொலிஸ் பதிவு சுத்தமாக இருந்தால்தான் பிள்ளைகள் இருக்கும் இடத்தில் வேலை. அந்த வேலையில்தான் வீடு ஓடுகிறது. ஆனால் அன்று நெஞ்சு இடிந்தது அதற்காக இல்லை. அவர் போன பிறகு ஷாலினி படிக்கட்டில் உட்கார்ந்துகொண்டு கேட்டாள், தமிழில் கேட்டாள்:

"அம்மா, நீங்க வேணும்னு செஞ்சீங்களா?"

"என்னடி கேக்குற? நானா?"

"நீங்க அத அடிச்சீங்க. நான் பாத்தேன். ஊருக்குப் போகணும்னு தினமும் சொல்றீங்க. அது செத்தா போலாம்."

"மூடு வாய!" என்று கத்தினேன். அவள் மூடிக்கொண்டாள். மூடியவள் ஒரு மாதம் திறக்கவில்லை.

மண்ணில் மஞ்சளைத் தவிர ஒன்றும் இல்லை என்று பதில் வந்தது. மார்ட்டின் மறுபடி வந்து விளக்கினார். இந்த மரத்துக்குப் பெரிய உடம்பு, ஆனால் வேர் ஆழமில்லையாம், மேலாகப் படர்ந்து கிடக்குமாம். தான் உதிர்க்கும் இலையைத்தான் அது தன் காலுக்குப் போர்த்திக்கொள்கிறது. ஈரத்தைப் பிடித்து வைப்பது அந்த இலை மெத்தைதான். நீங்கள் இத்தனை வருஷமாகத் தினமும் அந்தப் போர்வையை உருவிக்கொண்டிருந்தீர்கள் என்றார். தீயைப் பற்றி நான் சொன்னது அவருக்கு ஞாபகம் இருந்தது. இதன் பட்டையில் தீ சுலபமாகப் பிடிக்காது, இதன் சொந்த ஊரில் தீச்சூட்டில்தான் காய் வெடித்து விதை விழும் என்றார். ஒரு வருஷம் தரையைத் தொடாதீர்கள், இலை விழுந்தபடி கிடக்கட்டும், வந்து பார்ப்பேன். சொன்ன பிறகும் கூட்டினால் அது தெரிந்து செய்த குற்றம்.

அன்றைக்குத்தான் வெளக்கமாறு ஆணிக்குப் போனது.

6

கூட்டாத வாசலோடு வாழ்வது எப்படி என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. காலையில் கண் விழித்ததும் கை தானாகக் கொட்டகைப் பக்கம் போகும். தேத்தண்ணியைப் பிடித்துக்கொண்டு ஜன்னலில் நிற்பேன். முதலில் அங்கங்கே கொத்து. பிறகு தரை மறைந்தது. பிறகு நடந்தால் கால் அமுங்கியது. மழைக்குப் பிறகு அந்தக் கசங்கிய பெருஞ்சீரக வாசம் வீட்டுக்குள் வந்து உட்காரும். யாராவது வந்தால் நான் கூசிப்போய் நிற்பேன். வந்தவர்கள் அழகாக இருக்கிறது என்பார்கள்.

மாசிப் பனியில் ஒரு காலை. வீடு பார்க்க வந்த கடைசி ஆட்களும் முந்தின நாள்தான் மேலே பார்த்துவிட்டுப் போயிருந்தார்கள். இவர் முழங்காலுக்குத் தைலம் தேய்த்துக்கொண்டே, "விடு, நம்ம தலையெழுத்து இங்கதான்" என்றார். அந்தச் சொல் எனக்குள் எதையோ கிளப்பிவிட்டது. வெளக்கமாற்றை எடுத்துக்கொண்டு வெளியே போனேன். எனக்கு இப்போது விஷயம் தெரியும். நஞ்சு வேண்டாம், கோடரி வேண்டாம், ஒருத்தர் அனுமதியும் வேண்டாம். அடியை மட்டும், கிளை மறைக்கிற பக்கத்தில் மட்டும், கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டினால் போதும். தொரை மெதுவாகக் காய்ந்துபோவார். காய்ந்த மரத்தை அவர்களே வந்து வெட்டுவார்கள். வெயில் வரும், ஆள் வரும், வீடு விற்கும், உக்குவளையில் நான் நிற்பேன்.

ஒரு இழுப்பு இழுத்தேன். ஈர மண் தெரிந்தது. அதில் நூல் நூலாக வெள்ளை வேர், புதிது, பிறந்த பிள்ளையின் விரல் மாதிரி மேலே வந்திருந்தது. எனக்கு அந்தப் பசு ஞாபகம் வந்தது. இதுவும் நின்ற இடத்தில் கட்டிக் கிடக்கிறது. இதற்குத் தீ என் கையில் இருக்கும் வெளக்கமாறுதான். இதனால் ஓட முடியாது.

சீ என்று ஆகிவிட்டது எனக்கு. இழுத்த இலையைக் கையாலேயே திரும்ப அள்ளி மூடினேன். செதில் முள் விரலில் ஏறியது. மரத்தின் மேல் பாசம் வந்துவிட்டது என்று நினைக்காதீர்கள், இன்றைக்கும் அதைக் கண்டால் எரிச்சல்தான். எழுந்து திரும்பினால் கதவருகே ஷாலினி ஸ்வெட்டரைப் போர்த்திக்கொண்டு நிற்கிறாள். எவ்வளவு நேரம் நின்றாளோ. கிட்ட வந்து, என் விரலில் இருந்த முள்ளை ஒவ்வொன்றாகப் பிடுங்கினாள்.

"தேத்தண்ணி போடவா அம்மா?" என்றாள்.

7

போன திங்கட்கிழமை மார்ட்டின் வந்தார். கால் இலைக்குள் புதைவதைப் பார்த்ததுமே அவருக்கு வாயெல்லாம் பல். மேலே பார்த்தார், உச்சியெல்லாம் நீலம் கலந்த பச்சை. என் கையைப் பிடித்துக் குலுக்கினார். முறைப்பாட்டுக் கோப்பை மூடிவிட்டோம், உங்கள் மேல் எந்தக் குற்றமும் இல்லை, நீங்கள் இதைக் காப்பாற்றிவிட்டீர்கள், இனி இன்னும் ஆயிரம் வருஷம் நிற்கும் என்றார்.

"ஆயிரம் வருசமா?" என்றார் இவர், சிரிக்காமல். "அதுக்குள்ள யாராவது வாங்கிருவாங்க."

மரம் ஆரோக்கியம் என்று எழுதியாகிவிட்டது. இனி வெட்ட அனுமதி கேட்பதில் அர்த்தமே இல்லை. குற்றத்திலிருந்து தப்பினேன், அதே கையால் கதவையும் பூட்டிக்கொண்டேன். உக்குவளைக் காணியில் புல் வளர்கிறதாம். சித்தி மகள் யாரோ ஒருவரின் மாட்டைக் கட்டுகிறாளாம்.

ஷாலினிக்கு நியூசிலாந்தில் வேலை கிடைத்தது, காடு சம்பந்தப்பட்ட வேலை. முந்தாநாள் கிளம்பினாள். போகும்போது குனிந்து, வாசலில் கிடந்த ஒரு பழுப்புக் கொத்தை எடுத்துப் பையில் வைத்துக்கொண்டாள். நான் பூசணிக்காய் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு நின்றேன். கார் திரும்பிய பிறகுதான் அழுதேன். எதிர் வீட்டுத் திரைச்சீலை அசைந்தது, அசையட்டும்.

இன்று காலை ஃபோன் வந்தது.

"அம்மா, வந்து சேந்துட்டேன்."

"நெசமாவாடி?"

"என்ன கேள்வி அம்மா? ஏர்போர்ட்ல நிக்கிறேன். சத்தம் கேக்கல?" என்று சிரித்தாள்.

கேட்டது. சரி கண்ணு, சாப்பிடு என்று வைத்துவிட்டேன். பழக்கதோஷம், கால் கொட்டகைக்குப் போனது, கை வெளக்கமாற்றில் விழுந்தது. பிள்ளை போய்ச் சேர்ந்துவிட்டாள், இனிக் கூட்டலாம். கதவைத் திறந்தேன். படி வரைக்கும் இலை.

கையில் வெளக்கமாற்றோடு அங்கேயே நின்றேன். தோட்டத்துக் கடை ஃபோனில் நானும் இதே சொல்லைத்தானே கத்தினேன். அம்மா என்னைத் திருப்பி ஒரு கேள்வி கேட்கவில்லை. நம்பிக்கொண்டு போய்க் கூட்டிவிட்டாள்.

அவசரப்பட்டுட்டியேம்மா. நான் இன்னும் வந்து சேரல.